பதம்

தமிழில் 'பதம்' என்னும் சொல் இரண்டு இடங்களில் குடியிருக்கின்றது. ஒன்று இலக்கண நூல், மற்றொன்று அடுக்களை. நன்னூலின் பதவியலைக் கற்கும் மாணவன், பதம் என்றால் சொல் என்று அறிகின்றான். பகுக்கத் தக்கது பகுபதம், பகுக்க இயலாதது பகாபதம் என்று மனத்தில் இருத்துகின்றான். அதே மாணவன் பள்ளி விட்டு வீட்டிற்குச் சென்றால், அவனுடைய தாய் அடுப்பின் முன் நின்று, "பாகு இன்னும் பதத்திற்கு வரவில்லை" என்று சொல்லக் கேட்கின்றான். அடுக்களையில் பதம் என்பது பக்குவம். ஒற்றைக் கம்பிப் பதம், இரட்டைக் கம்பிப் பதம், உருட்டுப் பதம் என்று அதற்கும் வகைகள் உண்டு. இலக்கண ஆசிரியரின் பதத்தைக் கரும்பலகையில் எழுதி விளக்கிவிடலாம். தாயின் பதத்தை எழுதி விளக்குவது எளிதன்று. அதை எழுத முனைந்த பயிற்சி ஆசிரியை ஒருத்தியின் வீட்டில், ஒரு தீபாவளிக் காலத்தில் நிகழ்ந்ததை எண்ணிப் பார்த்தால், கற்பித்தல் என்னும் தொழிலின் இயல்பும் ஓரளவு விளங்கும்.

பேராக் மாநிலத்துத் தெலுக் இந்தான் நகரை அடுத்த குடியிருப்பு ஒன்றில் அக்குடும்பம் வாழ்கின்றது. வீட்டில் மூத்தவர் 86 வயதுப் பாட்டி. கண் அழுத்த நோயால் அவருடைய பார்வை ஏறக்குறைய முற்றிலும் மங்கிவிட்டது. வெளிச்சம் எது, இருட்டு எது என்பது மட்டுமே தெரியும். அவருடைய ஒரே மகன் எழுத்தராகப் பணியாற்றி அண்மையில் ஓய்வு பெற்றவர். அம்மகனுடைய மகள், 22 வயது நங்கை, ஆசிரியர் கல்விக் கழகத்தில் தமிழ் கற்பிக்கப் பயில்கின்றாள்.

தீபாவளி விடுமுறைக்கு வந்தவள் கையில் ஒரு பணியையும் கொண்டு வந்தாள். தொடக்கப் பள்ளி மாணவர்களுக்குச் செய்முறைக் கட்டுரை எழுதக் கற்பிக்கும் பாடத்திட்டம் ஒன்றை அவள் வகுக்க வேண்டும். மாதிரிக் கட்டுரையும் அவளே எழுத வேண்டும். தாம் செய்து பார்க்காத ஒன்றைப் பற்றிச் செய்முறை எழுதலாகாது என்பது விரிவுரையாளர் இட்ட நிபந்தனை. அவள் தேர்ந்தெடுத்த பொருள் தேங்காய் மிட்டாய்.

மலேசியத் தமிழர் வீடுகளில் தீபாவளித் தட்டுகளை அறிந்தவர்களுக்குத் தேங்காய் மிட்டாயை அறிமுகப்படுத்த வேண்டுவதில்லை. முறுக்கு, அதிரசம், நெய் உருண்டை ஆகியவற்றின் அருகே, ரோசா நிறத்திலும் இளம் பச்சை நிறத்திலும் சதுரம் சதுரமாக அது அடுக்கப்பட்டிருக்கும். அதற்கு மாவு இடிக்க வேண்டா; அச்சு வேண்டா; எண்ணெய்ச் சட்டியும் வேண்டா. தேங்காய்த் துருவல், சீனி, பால், சிறிது நெய் ஆகிய நான்கே போதும். பச்சை நிறத்திற்குக் கொல்லைப்புறத்துப் பாண்டான் இலையை இடித்துப் பிழிந்த சாறு உதவும். ஏழைக் குடும்பத்திற்கும் எட்டக்கூடிய இனிப்பு என்பதனாலேயே தோட்ட லயங்களில் அது நிலைபெற்றது. அந்நாளைய தோட்டத்துச் சிறுவர்களுக்குத் தீபாவளியின் சுவை என்றால் முதலில் நாவில் ஊறியது இதுவே எனலாம்.

ஆயினும், பாட்டியின் பார்வை மங்கிய பிறகு அவ்வீட்டில் தேங்காய் மிட்டாய் கிண்டப்படவில்லை. கடையில் வாங்கிய மிட்டாயே தட்டில் இடம்பெற்றது. தந்தையார் மட்டும் அதைத் தொடுவதில்லை. "எனக்கு இனிப்பு ஒத்துக்கொள்ளாது" என்பார். ஆனால் அதிரசம் நான்கை உண்பார். இந்த முரண்பாட்டை மகள் சிறு வயது முதலே கண்டிருந்தாள்; காரணம் கேட்டதில்லை.

முதல் நாள் காலையில் அவள் குறிப்பேட்டுடன் பாட்டியின் அருகே அமர்ந்தாள்.

"பாட்டி, தேங்காய்த் துருவல் எத்தனை கிராம்?"

"கிராமா? நடுத்தரமா ரெண்டு காய்."

"சீனி?"

"துருவல் ரெண்டு டின்னுக்குச் சீனி ஒரு டின். துருவலை அமுக்கி அளக்கக் கூடாது."

"பால்?"

"அரை டின்."

"எத்தனை நிமிடம் கிண்ட வேண்டும்?"

"பதம் வர்ற வரைக்கும்."

"பதம் வந்ததை எப்படி அறிவது?"

"வந்தா தெரியும், தாயி."

அவள் எல்லாவற்றையும் எழுதினாள். இறுதி இரண்டு வினாக்களுக்கு எதிரே மட்டும் இடம் வெறுமையாக இருந்தது. அந்த வெற்றிடத்தைத் தானே நிரப்பிவிடலாம் என்று அவள் எண்ணினாள். அவளிடம் சமையலுக்குரிய வெப்பமானி ஒன்று இருந்தது. வெப்பத்தைப் பற்றிய செய்திகளையும் படித்திருந்தாள். நீர் 100 பாகை செல்சியசில் கொதிக்கும். சீனி கரைந்த நீரோ அதற்கு மேலான வெப்பத்தில்தான் கொதிக்கும். நீர் ஆவியாகிப் பாகு கெட்டியாகுந்தோறும் கொதிநிலையும் ஏறிக்கொண்டே போகும். ஏறக்குறைய 112 முதல் 116 பாகை வரை ஏறியதும், பாகின் சில துளிகளைக் குளிர்ந்த நீரில் விட்டால் மெதுவான உருண்டையாகத் திரளும். நம் அடுக்களை அதனை உருட்டுப் பதம் என்று அழைக்கின்றது. பாட்டியின் 'வந்தா தெரியும்' என்பதற்கு எண்ணால் ஒரு விடை கிடைத்துவிட்டதாக அவள் மகிழ்ந்தாள்.

அன்று இரவே, பாட்டி உறங்கிய பிறகு, அவள் தனியே அடுப்பை மூட்டினாள். சந்தையில் இயந்திரத்தில் துருவி வைத்திருந்த தேங்காயை வாங்கி வந்திருந்தாள். கடையில் பால் டின் ஒன்றும் வாங்கியிருந்தாள். சொன்ன அளவுகளை இட்டுக் கிண்டினாள். வெப்பமானி 112 பாகை காட்டியதும் இறக்கி, நெய் தடவிய தாம்பாளத்தில் ஊற்றினாள். காலையில் எழுந்து பார்த்தால், தாம்பாளத்தில் இருந்தது மிட்டாயன்று; கரண்டியால் அள்ளத்தக்க களி. கத்தி வைத்த இடத்தில் கோடு விழுந்து, விழுந்த கோடு தானே மூடிக்கொண்டது.

பாட்டி அதில் சிறிதளவு எடுத்து நாவில் வைத்தார். "காயைத் தோலோட துருவியிருக்கு. சொரசொரன்னு கருப்பு நாக்குல தட்டுது. பால் வாசமும் இல்லையே. என்ன பால் ஊத்தின?" என்று வினவினார்.

அவள் டின்னை எடுத்து அதன் மேல் அச்சிட்டிருந்ததைப் படித்தாள். அதில் பால் என்று எழுதியிருக்கவில்லை. இனிப்பூட்டிய கிரீமர் என்றிருந்தது. சேர்மானங்களின் வரிசையில் சீனியும், பாலின் திடப்பொருளும், பாமாயிலும் இருந்தன. டின்னின் எடை 500 கிராம். பாட்டியின் காலத்துப் பால் டின் 14 அவுன்சு. ஏறத்தாழ 397 கிராம். பாட்டியின் அரை டின்னும் பேத்தியின் அரை டின்னும் ஒன்றல்ல என்பது அப்போதுதான் அவளுக்குப் புலப்பட்டது. சொல் அதுவே, பொருள் மாறிவிட்டது. மொழி ஆசிரியர்கள் நன்கறிந்த மாற்றம் இது. ஒரு சொல்லை மூத்த தலைமுறை ஒரு பொருளில் வழங்க, இளைய தலைமுறை வேறு பொருளில் ஏற்றுக்கொள்ளும்போது, இருவரும் ஒன்றையே பேசுவதாக இருவருமே நம்பிக்கொண்டிருப்பர்.

டின்னுக்குள் புகுந்த பாமாயிலுக்கு ஒரு வரலாறு உண்டு. மலேசியாவில் செம்பனை வணிக நோக்கோடு முதன்முதலில் பயிரிடப்பட்ட ஆண்டு 1917. பயிரிட்டவர் ஆங்ரி ஃபோக்கோன்னியே என்னும் பிரெஞ்சுக்காரர். மலாயாவைப் பற்றிப் புதினம் எழுதி, 1930ஆம் ஆண்டில் பிரான்சு நாட்டின் கொன்கூர் பரிசைப் பெற்றவரும் அவரே. அச்செம்பனை நடப்பட்ட இடம் சிலாங்கூர் மாநிலத்தில் உள்ளது. அத்தோட்டத்தின் பெயர் 'தென்னமரம்'. தமிழர் செவிக்கு அப்பெயர் தென்னை மரம் என்றே ஒலிக்கும். தென்னையின் பெயரைத் தாங்கிய மண்ணில் வேரூன்றிய செம்பனை, பிற்காலத்தில் நாடெங்கும் பரவி, ரப்பர்க் காடுகள் பலவற்றையும் தென்னந்தோட்டங்கள் பலவற்றையும் தன்னுடையதாக்கிக் கொண்டது. கொப்பரையின் விலை சரியச் சரிய, செம்பனைக்கு வழி அகன்றது.

அந்தப் பாட்டி வாழ்ந்ததும் அத்தகைய தென்னந்தோட்டம் ஒன்றில்தான். தென்னைக்குப் பெயர்பெற்ற பாகான் டத்தோ வட்டாரத்தில் அது இருந்தது. ஆண்கள் காய்களைப் பறித்து உரிப்பர். உடைத்த காய்கள் சூளையில் சிரட்டைத் தீயின் வெம்மையில் வாடும். வாடிய பருப்பை ஓட்டிலிருந்து பெயர்த்தெடுப்பது பெண்களின் வேலை. பாட்டி அவ்வேலையில் பல்லாண்டு கழித்தவர். நாள்தோறும் அவர் கையில் ஏறி இறங்கிய காய்களுக்குக் கணக்கில்லை. 1980களில் அத்தோட்டத்துத் தென்னைகள் சாய்க்கப்பட்டுச் செம்பனை நடப்பட்டது. லயங்கள் ஒவ்வொன்றாக வெறுமையாயின. இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகு அதே செம்பனை, பால் டின்னின் வழியாக அவருடைய மிட்டாய்க்குள்ளும் புகுந்து, அவருடைய நாவில் அகப்பட்டுக்கொண்டது.

"பசும்பால் வாங்கிச் சீனி போட்டுச் சுண்டக் காய்ச்சு. காயை உரிச்ச முழுக் காயா ரெண்டு வாங்கணும். உங்கப்பனை வாங்கிட்டு வரச் சொல்லு" என்றார் பாட்டி.

தந்தையும் மகளும் சந்தைக்குச் சென்றனர். கடைக்காரர் காய்களைப் பையில் இட முயன்றபோது தந்தையார் தடுத்துவிட்டார். வலக்கையில் ஒன்றும் இடக்கையில் ஒன்றுமாகக் காய்களை ஏந்தியபடி, நெரிசல் மிகுந்த சந்தைத் தெருவில் வண்டி நின்ற இடம் வரை நடந்தார். வீட்டு வாசலிலும் அவ்வாறே இறங்கி வந்தார். மகளுக்கு அது விந்தையாக இருந்தது. அதைவிட விந்தை, வீட்டிற்குள் நுழைந்ததும் பாட்டி கேட்ட முதற் கேள்வி.

"காயை எப்படிக் கொண்டாந்தான்?"

"கையில்தான் பாட்டி. பை வேண்டாம் என்றுவிட்டார்."

பாட்டி ஒன்றும் சொல்லவில்லை. துருவுமணையைக் கொண்டுவரச் செய்து, உடைத்த மூடியைத் தாமே கையில் வாங்கிக்கொண்டார். பார்வையற்ற அம்முதியவர் மூடியைச் சுழற்றிச் சுழற்றித் துருவிய விரைவைக் கண்டு பேத்தி வியந்தாள். வெண்மை முடிந்து பழுப்புத் தோல் தொடங்கும் இடத்தில் அவர் கை தானே நின்றது. துருவும் ஓசை அங்கே மாறும் என்றார். துருவிக்கொண்டே, யாரும் கேளாமலேயே, பழைய செய்தி ஒன்றைச் சொல்லத் தொடங்கினார்.

1973ஆம் ஆண்டுத் தீபாவளிக்குச் சில நாட்களே இருந்தன. மகனுக்கு அப்போது 9 வயது. வீட்டில் தேங்காய் இல்லை. கண்ணுக்கெட்டிய தொலைவெல்லாம் தென்னை நின்ற தோட்டந்தான். ஆனால் அங்கே ஒரு காயும் தொழிலாளருக்கு உரியதன்று. வேண்டுவோர் கடையில் காசு கொடுத்துத்தான் வாங்க வேண்டும். சம்பளத்திற்கு இன்னும் நாள் இருந்தது. பள்ளி விட்டு வந்த சிறுவன், வாய்க்கால் ஓரம் விழுந்து கிடந்த காய் ஒன்றைக் கண்டான். தாய் மிட்டாய் கிண்டுவாள் என்னும் ஆசையால் அதனைப் புத்தகப் பைக்குள் மறைத்தான். காவற்காரர் கண்டுவிட்டார். மாலையில் தந்தை தோட்ட அலுவலகத்தின் வாசலில் நிறுத்தப்பட்டார். பெரட்டுக்குக் கூடும் இடமும் அதுவே ஆதலின், அனைவரும் கண்டனர். ஒரு நாள் சம்பளம் பிடிக்கப்பட்டது. பிடிபட்ட காய், முற்றத்தில் மலைபோல் குவிந்திருந்த காய்களின் மீது எறியப்பட்டது. எறிந்த மறுகணம் அது எந்தக் காய் என்று எவருக்கும் தெரியாமற் போயிற்று.

தந்தை மகனை அடிக்கவில்லை, ஏசவுமில்லை. மூன்று நாள் அவனுடன் பேசாதிருந்தார். அவ்வாண்டு அவ்வீட்டில் தேங்காய் மிட்டாய் இல்லை.

அடுத்த ஆண்டு, தாய் தம் சம்பளத்தில் முதற் செலவாக முச்சந்திக் கடையில் இரண்டு காய்களுக்குக் காசு கொடுத்தார். மகனை அழைத்து, "பையில போடாதே. கையில தூக்கிக்கிட்டு ஆபீஸ் வாசல் வழியா வா" என்றார். தோட்டத்தை விட்டு வெளியேறும் வரை ஒவ்வோர் ஆண்டும் அவ்வாறே நடந்தது.

"என் பிள்ளை காசு கொடுத்து வாங்கின காயைக் கொண்டு போறான், அவன் யாருக்கும் தலை குனிய வேண்டியதில்லைன்னு எல்லாரும் பார்க்கணும். அதுக்காகத்தான்" என்று முடித்தார் பாட்டி.

அடுக்களை வாயிலில் தந்தையார் நின்றுகொண்டிருந்தார். எப்போது வந்து நின்றார் என்பதை மகள் அறியாள். சிறிது நேரம் சென்ற பின் அவர் தணிந்த குரலில் சொன்னார்: "நான் திருடினதை யாரும் மறந்துடக் கூடாதுன்னு தண்டனையா நடக்க விட்டீங்கன்னு நினைச்சேன், அம்மா. இன்னைக்கு வரைக்கும்."

துருவுமணையின் ஓசை நின்றது. தாய் பெருமை என்று கொடுத்ததை மகன் தண்டனை என்று பெற்றுக்கொண்டான். அரை நூற்றாண்டாக இருவரும் அதைப் பற்றி ஒரு சொல்லும் பேசியதில்லை. கொடுத்தவர் விளக்கவில்லை, பெற்றவன் வினவவில்லை. வகுப்பறைகளிலும் இது நிகழாமல் இல்லை. ஒரு மாணவனைக் கரும்பலகையின் முன் அழைத்து நிறுத்தும் ஆசிரியர், அவன் திறமையை மற்றவர் காணட்டும் என்று நினைக்கலாம். அவனோ, தன் அறியாமையை மற்றவர் காணட்டும் என்பதற்காகவே தன்னை நிறுத்தியதாக எண்ணி வாழ்நாள் முழுதும் குமையலாம். கற்பித்தவரின் கருத்து வேறு. கற்றவனின் பேறு வேறு. இடையில் ஒரு சொல் சொல்லப்பட்டிருந்தால் போதும்.

தந்தையார் மேலும் பேசாமல் முன்வாசலுக்குச் சென்றுவிட்டார். பாட்டி துருவலைத் தட்டில் தட்டிவிட்டு, "அடுப்பை மூட்டு" என்றார்.

கனத்த அடியுடைய சட்டியில் துருவலும் சீனியும் சுண்டிய பாலும் சேர்ந்தன. பாட்டி அடுப்பிற்கு அருகே நாற்காலியிட்டு அமர்ந்தார். அவர் பார்க்க வேண்டிய தேவையே எழவில்லை, கேட்டுக்கொண்டிருந்தார். முதலில் சீனி இளகி நீர்விட்டு, கலவை சளசளவென்று கொதித்தது. "இப்போ அவசரம் இல்லை. தீயைக் குறை" என்றார். சற்று நேரத்தில் குமிழிகள் தடித்து, பொதக் பொதக் என்று வெடிக்கலாயின. "அடியைச் சுரண்டிக் கிண்டு. பால் அடி பிடிக்கும்" என்றார். பேத்தி ஒரு கரண்டி நெய்யும் பாண்டான் சாறும் சேர்த்தாள். பிறகு குமிழியின் ஓசை அடங்கி, அகப்பை சட்டியின் அடியில் உராயும் ஓசை மட்டும் சரக் சரக் என்று மேலெழுந்தது. கலவை சட்டியின் ஓரத்தை விட்டு அகன்று திரண்டது. ஓரத்தில் வெண்ணிறப் பொருக்கு ஒன்று படியத் தொடங்கியது.

"இறக்கு" என்றார் பாட்டி.

பேத்தி வெப்பமானியை நோக்கினாள். அது 108 பாகையே காட்டியது. முதல் நாள் 112 பாகையிலேயே இறுகவில்லை. 108இல் எங்ஙனம் இறுகும் என்று அவள் ஐயுற்றாள். ஐயத்தோடு மேலும் சில நிமிடங்கள் கிண்டினாள். எண் ஏறுவதற்குள் கலவை நிறம் மங்கி, ஒளி இழந்து, புட்டு மாவைப் போல் உதிர்ந்துவிட்டது.

வெப்பமானி பொய் சொல்லவில்லை. அது தான் நின்ற இடத்தின் வெப்பத்தைச் சொன்னது. தெளிந்த பாகில் வெப்பம் எங்கும் ஏறக்குறைய ஒன்றாக இருக்கும். துருவல் நிறைந்த கெட்டிக் கலவையிலோ சட்டியின் அடி ஒரு வெப்பத்திலும் நடுப்பகுதி வேறு வெப்பத்திலும் இருக்கும். முதல் நாள் அதன் முனை அடியைத் தொட்டு நின்று, எண்ணை உயர்த்திக் காட்டியது. மறுநாள் துருவலின் நடுவே நின்று தாழ்த்திக் காட்டியது. உருட்டுப் பதம் கடந்து கிண்டும்போது சீனி மீண்டும் நுண்ணிய படிகங்களாக மாறத் தொடங்கும். எஞ்சிய சிறிதளவு பாகு அப்படிகங்களையும் துருவலையும் பிணைத்து வில்லையாக்கும். அந்த எஞ்சிய பாகும் வற்றிவிட்டால், பிணைப்பதற்கு ஏதுமின்றிக் கலவை மணலாய்ச் சிதறும். இவ்வளவும் பேத்தி படித்தறிந்தவையே. ஆனால் படித்தது மூளையில் இருந்தது. அகப்பை கையில் இருந்தது. இரண்டிற்கும் இடையே இன்னும் பாதை போடப்படவில்லை.

அவள் கண்கலங்கிச் சட்டியைக் குப்பைக் கூடையருகே கொண்டு செல்ல முற்பட்டாள். காலடி ஓசையை வைத்தே பாட்டி அறிந்துகொண்டார்.

"எங்கே கொண்டு போறே?"

"உதிர்ந்துபோய்விட்டது, பாட்டி. நீங்கள் சொன்னபோதே இறக்கியிருக்க வேண்டும்."

"கொட்டாதே. உதிர்ந்தா என்ன, கருகலையே. மிச்சப் பால் இருக்குல்ல? அதை ஊத்தித் திரும்ப அடுப்புல வை. கூடுதலா கிண்டினா உதிரும். பால் ஊத்தினா சேரும்."

பேத்தி அவ்வாறே செய்தாள். சுண்டிய பாலில் மீதமிருந்ததை ஊற்றி, மெல்லிய தீயில் வைத்தாள். உதிர்ந்து கிடந்த மணல் சிறிது சிறிதாக இளகிற்று. இறுகிய படிகங்கள் நீர் கண்டு கரைந்தன. மீண்டும் சளசளப்பு, மீண்டும் தடித்த குமிழி. இம்முறை அவள் வெப்பமானியை மேசை மேல் வைத்துவிட்டாள். கண்களை மூடிக்கொண்டு கிண்டினாள். அகப்பையின் ஓசை மாறும் அந்தக் கணத்திற்காகச் செவியைத் தீட்டிக்கொண்டிருந்தாள். குமிழி அடங்கியது. சரக் என்றது. மீண்டும் சரக் என்றது. அகப்பையைப் பிடித்த மணிக்கட்டில் கனம் கூடியது. அவள் சட்டியை இறக்கினாள்.

"இறக்கிட்டியா?" என்றார் பாட்டி.

"இறக்கிவிட்டேன்."

"நானும் சொல்லத்தான் வாயெடுத்தேன்."

தாம்பாளத்தில் கொட்டி, நெய் தடவிய வாழையிலைத் துண்டால் அழுத்திச் சமன் செய்தார்கள். வெதுவெதுப்பாக இருக்கும்போதே கத்தியால் கோடிட வேண்டும்; முற்றும் ஆறினால் கத்திக்கு உடையும். போட்ட கோடு இம்முறை மூடிக்கொள்ளவில்லை. ஒரு மணி நேரங் கழித்து, இளம் பச்சைச் சதுரங்கள் ஒன்றையொன்று ஒட்டாமல் எழும்பின. மேற்புறம் மெல்லப் பொரிந்து, உள்ளே ஈரப்பதம் மாறாமல், கடித்தால் முதலில் நொறுங்கிப் பின்னர் கரையும் பதத்தில் இருந்தன.

பாட்டி ஒரு தட்டில் நான்கு வில்லைகளை எடுத்து வைக்கச் சொன்னார். தட்டைத் தாமே ஒரு கையில் ஏந்திக்கொண்டு, மறு கையால் சுவரைத் தடவியும் பேத்தியின் தோளைப் பற்றியும் முன்வாசலுக்கு நடந்தார். மகன் எழுந்து நின்றார். தாய் நீட்டிய தட்டைச் சிறிது நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ஒரு வில்லையை எடுத்து வாயிலிட்டார். அரை நூற்றாண்டாகத் தொடாத இனிப்பு அது. மென்று விழுங்கும் வரை மூவரும் பேசவில்லை.

"சீனி கொஞ்சம் தூக்கலா இருக்கும்மா" என்றார் மகன்.

"அந்த வருஷம் கிண்டியிருந்தாலும் இப்படித்தான் இருந்திருக்கும், ஐயா" என்றார் தாய்.

மகன் இன்னொரு வில்லையை எடுத்துக்கொண்டார்.

அன்றிரவு பேத்தி தன் குறிப்பேட்டைத் திறந்தாள். டின்னைக் கிராமாக மாற்றி எழுதினாள்: துருவல் 600 கிராம், சீனி 600 கிராம், சுண்டிய பால் 200 கிராம், நெய் ஒரு கரண்டி. மிட்டாயில் பகுக்கத் தக்கவை அனைத்தையும் பகுத்து, வரிசை எண் இட்டாள். கருப்புத் தோல் வரும் முன் துருவலை நிறுத்த வேண்டும் என்பதையும், பெயர்ப் பலகையைப் படித்துப் பால் வாங்க வேண்டும் என்பதையும் சேர்த்தாள். உதிர்ந்துவிட்டால் எறியாமல் பால் விட்டு மீண்டும் கிண்டலாம் என்பதற்குத் தனியே ஒரு பத்தி ஒதுக்கினாள். வகுப்பில் பின்தங்கிய பிள்ளையைப் பற்றிய பாடமும் அதற்குள் இருப்பதாக அவளுக்குத் தோன்றியிருக்கலாம். அதை அவள் எழுதவில்லை.

எஞ்சி நின்றது பகாபதம் ஒன்றுதான். "எத்தனை நிமிடம்?", "பதத்தை எப்படி அறிவது?" என்ற இரு வினாக்களுக்கு எதிரே முதல் நாள் விட்ட வெற்றிடம் அப்படியே இருந்தது. அவள் நெடுநேரம் சிந்தித்தாள். 114 பாகை என்று எழுதி அடித்தாள். 25 நிமிடம் என்று எழுதி அதையும் அடித்தாள். இறுதியில் இரு வினாக்களுக்கும் பொதுவாக ஒரே வரியை எழுதி முடித்தாள்:

"இந்த நிலையில், செய்து பழகிய பெரியவர் ஒருவர் அருகில் இருக்க வேண்டும்."